‘மச்சான்’: உறவுச்சொல்லும் தெருச்சொல்லும்

மலேசியத் தமிழ் இளைஞர்தம் அன்றாடப் பேச்சில் மிகுதியாகப் புழங்கும் சொற்களுள் ‘மச்சான்’ ஒன்று. அதன் குறுகிய வடிவமாகிய ‘மச்சா’ இன்று தமிழரல்லாதார் நாவிலும் இடம்பெற்றுவிட்டது. இச்சொல்லைப் பற்றிப் பேசுவோர் பொதுவாக இரு நிலைப்பாடுகளை மேற்கொள்கின்றனர். ஆசிரியப் பெருமக்களிற் பலர் இதனைக் கொச்சை என ஒதுக்குவர். மாணவர் கட்டுரையில் கண்டால் சிவப்பு மையால் அடிப்பர். மற்றொரு சாரார், மலாய்க்காரரும் சீனரும் ‘மச்சா’ என அழைப்பதைக் காட்டி, இதனை இன நல்லிணக்கத்தின் அடையாளமாகப் போற்றுவர். இவ்விரு சாராரும் சொல்லை நின்று நோக்கவில்லை என்பதே நம் கருத்து. கொச்சை என்பார்க்கு இதன் இலக்கணம் புலப்படவில்லை. நல்லிணக்கம் என்பார்க்கு இதனுள் உறைந்திருக்கும் உறவுக் கணக்குப் புலப்படவில்லை. விளையாட்டுச் சொல்லாகத் தோன்றும் ஒன்றை இத்துணை விரிவாக ஆராய்வது தேவைதானா எனச் சிலர் வினவக்கூடும். விளையாட்டு எங்கே முடிந்து புண்படுத்தல் எங்கே தொடங்குகிறது என்பதை இச்சொல் நாள்தோறும் நம் வகுப்பறைகளில் காட்டிக்கொண்டிருப்பதால் தேவை என்றே கருதுகிறோம்.

மைத்துனன், மச்சுனன், மச்சினன், மச்சான் என்பன ஒரு குடும்பச் சொற்கள். ஆண்டாள் தம் நாச்சியார் திருமொழியில் கண்ணனை ‘மைத்துனன்’ எனச் சுட்டுமிடத்து, மணத்தற்குரிய முறையுடையவன் என்னும் பொருளே நிற்கிறது. இச்சொல்லை வடமொழி ‘மைதுன’த்தோடு இணைப்பாரும் உளர், மராத்தியில் ‘மேஹுணா’ என்பது மைத்துனனைக் குறிக்கும். வேர் எதுவாயினும், தமிழில் இச்சொல்லின் வாழ்வைத் தீர்மானித்தது வேரன்று, மணமுறையே. தமக்கையின் கணவனும் மச்சான். மனைவியின் உடன்பிறந்தானும் மச்சான். தாய்மாமன் மகனும் அத்தை மகனும் மச்சான். வட்டாரத்திற்கும் சமூகத்திற்கும் ஏற்ப ‘அத்தான்’, ‘மாப்பிள்ளை’ முதலியன இவற்றுட் சில இடங்களைப் பிடித்துக்கொள்ளுமாயினும் அடிப்படை மாறுவதில்லை. திராவிட உறவுமுறைச் சொற்களைத் திருமண உறவின் வெளிப்பாடாக விளக்கிய லூயி தூய்மோனின் 1953ஆம் ஆண்டுக் கட்டுரையும், அதனை வரலாற்று நோக்கில் விரித்த தாமஸ் டிரவுட்மனின் 1981ஆம் ஆண்டு நூலும் காட்டுவது இதனைத்தான். உலகத்து ஆண்களெல்லாம் பங்காளி, மச்சான் என்னும் இரு கூறாகப் பிரிவர். முன்னவனோடு பங்கு உண்டு, பெண் கொடுக்கல் இல்லை. பின்னவனோடு கொடுக்கல் வாங்கல் உண்டு.

பங்காளியோடு சொத்துத் தகராறு வரும். மச்சானோடு கேலி வரும். இவ்வேறுபாடு தற்செயலானதன்று. 1940இல் ராட்கிளிஃப்-பிரவுன் கேலிக்கு இடந்தரும் உறவுகளைப் பற்றி எழுதியபோது, மணவழி இணைந்த இரு குடும்பத்தார் ஒரே வேளையில் நெருங்கியும் விலகியும் நிற்க வேண்டிய இக்கட்டைக் கேலியே தீர்த்துவைக்கிறது என விளக்கினார். நம் தோட்டப்புற மாரியம்மன் திருவிழாக்களில் மஞ்சள் நீர் ஊற்றும் நாளை நினைவுகூர்வார்க்கு இக்கோட்பாடு புதிதன்று. முறைக்காரன்மேல்தான் நீர் ஊற்றலாம். அண்ணன் தம்பி முறையாகும் ஒருவன்மேல் தவறி ஊற்றிவிட்டால் பாட்டிமார் வாய் திறப்பர். எனவே மச்சான் என்னும் சொல்லின் விளையாட்டுத்தன்மை இன்றைய இளைஞர் புகுத்தியதன்று. அது சொல்லோடு உடன்பிறந்தது.

இங்கு இந்தியுடன் ஓர் ஒப்பீடு பயன்தரும். இந்தியில் ‘சாலா’ என்பதும் மைத்துனனைக் குறிக்கும் சொல்லே. எனினும் அது வசைச்சொல்லாகிவிட்டது. காரணம் வெளிப்படை. சாலா என்பான் மனைவியின் உடன்பிறந்தான் மட்டுமே. ஒருவனைச் சாலா என்றழைத்தால், ‘உன் உடன்பிறந்தாள் என் மனைவி’ என்னும் பொருள் ஒருதிசையாகப் பாயும். தமிழ் ‘மச்சான்’ இருதிசைச் சொல். அழைப்பவன் பெண் கொண்டவனா கொடுத்தவனா என்பதைச் சொல் வெளிப்படுத்துவதில்லை. நான் உனக்கு மச்சானாயின் நீயும் எனக்கு மச்சானே. இந்த ஈரொட்டுத் தன்மையே சொல்லை வசையாகாமற் காத்து நட்புச்சொல்லாக உயர்த்தியது என்று கொள்ள இடமுண்டு. ஆனால் பழைய கூர் முற்றிலும் மழுங்கிவிடவில்லை. அறிமுகமற்ற ஒருவன் சண்டைக்கு நடுவே ‘என்ன மச்சான்?’ என்றால், ‘யாருக்கு யாருடா மச்சான்?’ என மறுமொழி வருவதை நாம் கேட்டிருக்கிறோம். அங்கே இழுக்கப்படுவது வீட்டிலிருக்கும் பெண்.

மலாயாவில் இச்சொல் பெற்ற வாழ்வு தனிச்சிறப்புடையது. கங்காணி முறையில் உறவினரும் ஊராரும் கூட்டமாக வந்தனர் என்பது உண்மையாயினும், லயத்து வீடுகளில் வெவ்வேறு ஊரினரும் சாதியினரும் அடுத்தடுத்துக் குடியேறினர். 1938இல் இந்திய அரசு கூலித் தொழிலாளர் குடியேற்றத்தைத் தடைசெய்தபின், புதிய உறவுகள் கடல் கடந்து வருதலும் குறைந்தது. அண்டை வீட்டாரை அண்ணன், சித்தி, மாமா என முறைவைத்து அழைத்தே தோட்டத்துச் சமூகம் தன்னை நெய்துகொண்டது. ஒன்றைக் கருதுதல் வேண்டும். ‘அண்ணே’ என யாரையும் அழைக்கலாம், இடரில்லை. ‘மச்சான்’ என அழைப்பதற்குத் துணிவு வேண்டும்; அது மண உறவிற்கான வாயிலைத் திறந்துவைத்த அழைப்பு. முன்தலைமுறையினர் சாதி வேற்றுமை கருதி இச்சொல்லை எண்ணிப் பார்த்தே வழங்கினர் என்பதை முதியோர் வாய்மொழியாகப் பலமுறை கேட்டுள்ளோம். இன்றைய இளைஞன் எதிர்ப்படுவோரையெல்லாம் மச்சா என்றழைப்பது ஒழுங்கீனமாக அவர்களுக்குப் படுகிறது. அதனைச் சாதிக் கணக்கு தளர்ந்ததன் அறிகுறியாகவும் காணலாம். ஆனால் அழைப்பு தளர்ந்த அளவிற்கு மணமேடை தளர்ந்ததா என்பது வேறு வினா.

இனி வடிவம். தொல்காப்பியர் விளிமரபில் ‘ஆன்’ ஈற்றுப் பெயர்கள் விளியேற்கும்போது இயல்பாகவே நிற்கும் என்கிறார். சேரமான், மலையமான் என்பன உரையாசிரியர் காட்டும் சான்றுகள். முறைப்பெயர்கள் ஏகாரம் பெறும் எனத் தனியே விதிக்கிறார். மகனே, மருமகனே என்பன போல. எனவே மரபிலக்கணப்படி ‘மச்சான்!’ என்பதும் ‘மச்சானே!’ என்பதும் அமையும்; ‘மச்சா’ அமையாது. அது எங்கிருந்து வந்தது? அண்ணா, மாமா என்னும் பேச்சு விளிகளின் ஒப்புமை ஒரு காரணமாகலாம். ஒலியியற் காரணம் இன்னும் வலியது. ‘வந்தான்’ என்பதைப் பேச்சில் னகர மெய் நீங்கி மூக்கொலி ஏறிய ஆகாரத்தோடு முடிப்பது தமிழர் இயல்பு. ‘மச்சான்’ என்பதும் அவ்வாறே முடிகிறது. தமிழ்ச்செவி அம்மூக்கொலியை னகரமாக உணர்கிறது. பிறமொழிச் செவி இரண்டிலொன்றைச் செய்யும். ஒன்று, அதனை முற்றாக விட்டுவிடும். மலேசியாவில் பிறர் வழங்கும் ‘மச்சா’ அவ்வகை. மற்றொன்று, தன் மொழியிலுள்ள மூக்கொலி மெய்யாக ஆக்கிக்கொள்ளும். இலங்கையில் சிங்களர் வழங்கும் ‘மச்சாங்’ அவ்வகை. முனைவர் பட்டத்திற்காக அயல்நாட்டில் தங்கியிருந்த ஆண்டுகளில், சிங்கள நண்பர் ஒருவர் முதல் நாளே நம்மை ‘மச்சாங்’ என விளித்தது நினைவிருக்கிறது. அது தமிழ்ச்சொல் என்று கூறியபோது அவர் நம்பவில்லை. தம் மொழியின் மிகவும் சொந்தமான சொல் அதுதான் என்றார். 2008இல் உபெர்ட்டோ பசோலினி இயக்கிய இலங்கை சார்ந்த திரைப்படத்திற்கு அச்சொல்லே தலைப்பாக அமைந்ததை எண்ணினால் அவர் கூற்றிலும் நியாயமுண்டு.

‘மச்சி’ என்பது தனிச் சிக்கல். அகராதி வழக்கில் பெண்பாற் சொல்லாகிய இது, இன்றைய தமிழக நகர வழக்கில் ஆணை ஆண் அழைக்கும் சொல்லாக நிற்கிறது. இதன் இகரம் பெண்பால் விகுதியன்று, மாப்பிள்ளை ‘மாப்பி’ ஆவது போன்ற குறுக்கமே எனக் கொள்வது பொருந்தும். இந்நாட்டில் பெண்களும் தம்முள் மச்சி என்றழைத்துக்கொள்கின்றனர்.

பயன்பாட்டில் பொருள் வேறுபடுவதை ஆசிரியர்கள் எளிதில் கண்டறிய ஒரு வழியுண்டு: வினைமுற்றை நோக்குக. ‘மச்சான், வாங்க’ என்றால் அங்கே உறவு நிற்கிறது, பெரும்பாலும் வயதில் மூத்தவர். ‘மச்சா, வாடா’ என்றால் நட்பு. ஒரே சொல் மரியாதைப் பன்மையையும் ‘டா’வையும் ஏற்கிறதென்றால், அவை உண்மையில் இரு சொற்களாகப் பிரிந்துவிட்டன என்றே கொள்ளல் வேண்டும். நட்புச்சொல்லாகியபின் அதன் பணி பெரும்பாலும் ஓசையால் நிகழ்கிறது. ‘மச்சா, அஞ்சு வெள்ளி இருக்கா?’ என்பதில் ஈற்று நீட்டம் கெஞ்சல். ‘என்னா மச்சா!’ என இறங்கினால் இடித்துரை. இறப்புச் செய்தி சொல்ல வந்தவன் தாழ்குரலில் ‘மச்சா…’ என நிறுத்தினால், அடுத்த சொல் வருமுன்பே கேட்பவன் அஞ்சுகிறான். அமெரிக்க இளைஞரின் ‘டியூட்’ என்னும் விளியை 2004இல் ஆராய்ந்த ஸ்காட் கீஸ்லிங், ஆண்கள் நெருக்கத்தைக் காட்டவும் வேண்டும், மிக நெருங்கியதாகத் தோன்றவும் கூடாது என்னும் இரட்டைத் தேவையை அச்சொல் நிறைவு செய்வதாகக் கூறினார். இவ்விளக்கம் மச்சானுக்கும் பெரிதும் பொருந்தும். ஆயினும் ‘டியூட்’ என்பதன் பின்னே அக்காளும் தங்கையும் இல்லை. மச்சான் பின்னே எப்போதும் ஒரு பெண் கண்ணுக்குத் தெரியாமல் நிற்கிறாள்.

அப்பெண்ணே இச்சொல்லைச் சொன்னால்? 1976இல் வந்த ‘அன்னக்கிளி’யில் எஸ். ஜானகி பாடிய பாடலைக் கேட்டோர் அறிவர். பெண் வாயில் மச்சான் காதலனாகிறான். திரைப்பாடல் மரபு முழுவதும் அவ்வாறே. அதனால்தான் மாணவி ஒருத்தி உடன்பயிலும் மாணவனை மச்சான் என்று விளித்தால் பெரியோர் புருவம் நெறிக்கின்றனர்; மாணவன் மாணவனை விளித்தால் கேளாதது போலிருக்கின்றனர். இளம்பெண்கள் இவ்வேற்றுமையைப் பொருட்படுத்தாது வழங்கத் தொடங்கியிருப்பது சொல்லை ஆண்களின் தனியுடைமையிலிருந்து மீட்பதாகவே நமக்குப் படுகிறது. இதில் கண்டிக்கத்தக்கது எதுவுமில்லை.

கண்டிக்கத்தக்கது இருக்குமாயின் அது வேறிடத்தில். மலேசியப் பொதுவழக்கில் ‘மச்சா’ விளிச்சொல் நிலையிலிருந்து படர்க்கைப் பெயராகவும் பெயர்ந்துவிட்டது. ‘மச்சா து’ என மலாயில் சுட்டுமிடத்து அது ‘அந்த இந்தியன்’ என்றே பொருள்படும். உணவகத்தில் பணியாற்றுபவர் தமிழரா, வங்காளதேசத்தவரா என நோக்காது எல்லோரும் மச்சாவே. இது முதன்முறையன்று. ‘தம்பி’ என்னும் அன்புச்சொல் காலனிய அலுவலகங்களில் ஏவலாளைக் குறிக்கும் ‘தாம்பி’யாயிற்று. ‘மாமாக்’ என்பதும் தமிழ் ‘மாமா’வின் வழிவந்தது என்பது பரவலான கருத்து. திராவிட உறவுமுறைப்படி மாமாவின் மகன்தானே மச்சான்? கடைக்கு மாமன் பெயரையும் கடையில் பணி செய்பவனுக்கு மச்சான் பெயரையும் இந்நாடு இட்டிருக்கிறது. உறவுமுறையறியாமலே முறை தவறாது இட்ட பெயர்!

நம் கருத்தரங்க வகுப்பில் ஒரு மாணவர் கூறியது இவ்விடத்தில் குறிப்பிடத்தக்கது. பள்ளி நாள்களில் தம் மலாய் நண்பன் தம்மை மச்சா என்றபோது மகிழ்ந்தவர், பின்னர் பணியிடத்தில் மேலாளர் அதே சொல்லால் அழைத்தபோது கூசினார். ‘நான் அவரைத் திருப்பி மச்சா என்று கூப்பிட முடியுமா, ஐயா?’ என்று கேட்டார். நாம் மேலே கண்ட இலக்கணம் முழுவதும் அவ்வினாவில் அடங்கியுள்ளது. மச்சான் இருதிசைச் சொல். திருப்பியழைக்க இயலாத இடத்தில் அது மச்சான் அன்று. நண்பன் வாயில் அது உறவு. மேலாளர் வாயில் அது இனப்பெயர். நல்லிணக்கம் பேசுவோர் சொல்லை எண்ணுகின்றனரே தவிர, அது திரும்பி வருகிறதா என எண்ணுவதில்லை.

எனவே சிவப்பு மையை எடுக்குமுன் ஆசிரியர் சற்று நிதானித்தல் நலம். கட்டுரை மொழிக்கும் பேச்சு மொழிக்குமுள்ள எல்லையை மாணவர்க்கு உணர்த்துதல் கடமை, அதில் ஐயமில்லை. உரையாடற் பகுதியில் மாணவன் ‘மச்சா’ என எழுதுவதை அடித்துவிட்டு ‘நண்பா’ எனத் திருத்துவதோ பிழை. உயிருள்ள இளைஞர் எவரும் ஒருவரையொருவர் ‘நண்பா’ என விளிப்பதை நாம் மேடை நாடகத்திற்கு வெளியே கேட்டதில்லை. அதனினும், இச்சொல்லையே பாடமாக்கி உறவுமுறைச் சொற்களைக் கற்பிக்கலாம். நம் வகுப்பில் அதனைச் செய்து பார்த்தோம். அவரவர் மச்சான் முறையாவோரைப் பட்டியலிடுமாறு பணித்தோம். பலர் நண்பர் பெயர்களை எழுதினர். உறவினரை எழுதுமாறு வற்புறுத்தியபோது அத்தை மகன் எந்த முறை என்றே ஐயம் எழுந்தது. தாய்மாமன் மகனோடு ஒரே வீட்டில் வளர்ந்த ஒரு மாணவர் மட்டும் விரைந்து விடையளித்தார். அவரை எவ்வாறு அழைப்பீர் என்று கேட்டோம். ‘ப்ரோ’ என்றார்.