அரளியில் பிறக்கும் பேரழகி

வண்ணத்துப்பூச்சி என்றால் கவிதை எழுதுகிறோம். அந்துப்பூச்சி என்றால் துடைப்பத்தைத் தேடுகிறோம். என்ன ஓரவஞ்சனை! அரளிப் பருந்து அந்தை ஒரே ஒருமுறை பக்கத்தில் பார்த்துவிடுங்கள், அப்புறம் துடைப்பத்தைத் தொட மனம் வராது.

எங்கள் வாசல் நந்தியாவட்டையில்தான் அதன் புழுவை முதலில் கண்டேன். தரையில் மிளகு போல எச்சம் சிதறிக் கிடந்தது. நிமிர்ந்தால், விரல் நீளத்துக்குத் தளதளவென்று ஒரு பச்சைப் புழு! பக்கவாட்டில் வெள்ளைக் கோடு, அதை ஒட்டிப் பொடிப்பொடியாய் வெண்புள்ளிகள், வால் நுனியில் குட்டையான மஞ்சள் கொம்பு. கிளையை லேசாகத் தொட்டேன். தலையை உள்ளிழுத்து முன்னுடலை உப்பவைத்தது பாருங்கள், கருப்பு வளையத்துக்குள் இரண்டு நீலக் கண்கள் விழித்தன! அவை கண்களே அல்ல, பறவைகளை மிரட்டும் வேஷம். எனக்கே தூக்கிவாரிப் போட்டது.

அரளியை ஆடு மாடுகூடச் சீண்டாது. இதயத்துடிப்பையே குலைக்கும் விஷம் அது. இந்தப் புழுவோ அதை மென்றுகொண்டே கொழுக்கிறது! அதன் நரம்புகளைச் சுற்றியுள்ள உறை விஷத்தை உள்ளே விடாமல் தடுத்துவிடுகிறதாம். நித்தியகல்யாணி, அடினியம் இலைகளும் இதற்கு விருந்துதான்.

வளர்ச்சி முடிந்ததும் பச்சை மங்கிப் பழுப்பாகிறது. செடியைவிட்டு இறங்கி, சருகுக்குள் புகுந்து, மெல்லிய இழைக்கூட்டுக்குள் கூட்டுப்புழுவாகிவிடும்.

அதிலிருந்து வெளிவருவதைத்தான் நான் பேரழகி என்கிறேன். இறக்கை விரித்தால் சுமார் 10 செ.மீ. கரும்பச்சை, இளம்பச்சை, வெள்ளை, நடுவே ரோஜா நிறம் என்று எந்த நெசவாளருக்கு வரும் இந்தச் சேர்மானம்? அந்தி சாய்ந்ததும் மல்லிகைப் பக்கம் வருகிறாள். பூவில் உட்காரும் வழக்கமே கிடையாது. அந்தரத்தில் விர்ரென்று நின்றபடி நீள உறிஞ்சியை நீட்டித் தேன் குடித்துவிட்டு அடுத்த பூவுக்குப் பாய்கிறாள். பருந்து என்ற பெயர் சும்மா வரவில்லை!

1758-லேயே இயற்கையியலாளர் லின்னேயஸ் இதற்கு அறிவியல் பெயர் சூட்டிவிட்டார். ஆப்பிரிக்காவிலிருந்து தெற்காசியா, தென்கிழக்காசியா வரை இதன் ராஜ்ஜியம். கோடையில் ஐரோப்பாவுக்கே வலசை போகும். எப்போதாவது இங்கிலாந்தையும் எட்டிவிடும். ஆனால் அங்குள்ள குளிர்காலத்தைத் தாங்காது. 1974-இல் ஹவாயிலும் குடியேறிவிட்டது. அவ்வளவு தூரம் ஏன், நம் நெடுஞ்சாலைகளின் நடுவே வரிசையாய் நிற்கிற அரளியிலும் இதன் புழு இருக்கலாம், இனி சும்மா கடந்துபோகாதீர்கள்.

உங்கள் செடியில் இலைகள் காணாமல் போனால் மருந்து தெளிப்பானை எடுக்காதீர்கள், ப்ளீஸ். நந்தியாவட்டை மறுபடி துளிர்த்துக்கொள்ளும். அடியில் கிடக்கும் சருகையும் கூட்டி எரித்துவிடாதீர்கள். கூட்டுப்புழு அதற்குள்தான் இருக்கும்.