பல்லாவரத்து விமானமும் குர்துபாவின் சிறகும்

தாம்பரத்துக்கும் மீனம்பாக்கத்துக்கும் இடைப்பட்ட ஊர்களில் வாழ்வோர்க்கு வானூர்தியின் இரைச்சல் புதிதன்று. மீனம்பாக்கத்தில் விமான நிலையம். தாம்பரத்தில் விமானப்படைத் தளம். விமானம் ஓட்டக் கற்பிப்போருக்கே கற்பிக்கும் பயிற்றுநர் பள்ளி 1954ஆம் ஆண்டில் அம்பாலாவிலிருந்து தாம்பரத்துக்கு வந்தது. ஆனால் இவ்விரண்டுக்கும் நடுவே அமைந்த பல்லாவரத்தில், இவை எதுவும் தோன்றுவதற்கு முன்னரே, 1910ஆம் ஆண்டிலேயே ஒரு விமானம் எழும்பியது என்னும் செய்தி அண்மைக்காலமாக இதழ்களில் அடிக்கடி வெளிவருகின்றது. சென்னை வரலாற்றை எழுதிய எஸ். முத்தையாவின் கட்டுரைகள் வழியாகவே இச்செய்தி பரவலாக அறியப்பட்டது.

செய்தியின் சாரம் இது. மவுண்ட் ரோட்டில் ஓட்டல் நடத்திவந்த ஜியாகோமோ டி ஏஞ்செலிஸ் என்னும் ஐரோப்பியர், 1909 ஜூலை 25இல் லூயி பிளேரியோ ஆங்கிலக் கால்வாயைப் பறந்து கடந்ததைக் கேள்வியுற்று ஊக்கம் கொண்டார். தாமே ஒரு விமானத்தை வடிவமைத்தார். அதைக் கட்டித் தந்தது, 1840 முதல் குதிரை வண்டிகள் செய்துவந்த சிம்சன் நிறுவனம். முதலில் பல்லாவரத்தில் சோதனை. பின்னர் 1910 மார்ச்சில் தீவுத்திடலில் மக்கள் முன்னிலையில் காட்சி. சமையற்கலையில் பேர்பெற்ற ஓட்டல்காரர் ஒருவர், வண்டிப் பட்டறையின் துணைகொண்டு விமானம் செய்தார் என்பது கேட்போர்க்கு வியப்பளிக்கலாம். அக்காலத்தைக் கருதினால் வியப்பில்லை. மரச்சட்டம், இழுத்துக் கட்டிய துணி, முறுக்கிய கம்பி, சிறிய இயந்திரம் ஆகியவையே அன்றைய விமானம். மரத்தை வளைத்துச் சக்கரம் பூட்டத் தெரிந்த கைகளுக்கு அது முற்றிலும் அந்நியமான வேலையன்று. அக்கைகளுக்கு உரியவர்களின் பெயர்களை எந்தக் கட்டுரையும் தருவதில்லை.

இதுவரை நமக்கு மறுப்பில்லை. செய்தியின் தலையில் சூட்டப்படும் மகுடம்தான் ஆராயத்தக்கது. ‘ஆசியாவிலேயே முதல் விமானம்’ என்று எழுதுகிறார்கள். எதை வைத்து முதல்? தரையை விட்டுச் சற்றே எழும்புவதா, திரும்பி வந்து இறங்குவதா, பொதுமக்கள் காண்பதா? 1909 டிசம்பரிலேயே உதுமானியத் தலைநகரான இஸ்தான்பூலில் பெல்ஜியத்தின் பாரன் தெ கேத்தர்ஸ் பறந்து காட்டிவிட்டார். அதே மாதத்தில் அங்கு வந்த பிளேரியோ காற்றில் சிக்கி ஒரு வீட்டின் கூரைமேல் விழுந்து காயமடைந்தார். ஆயினும் இவ்விரு நிகழ்ச்சிகளும் பாஸ்ஃபரஸ் நீரிணையின் ஐரோப்பியக் கரையில் நடந்தவை. எனவே ‘ஆசியா’ என்ற சொல்லால் பல்லாவரம் தப்பிக்கிறது! ஒரு நகரை இரு கண்டங்களாகப் பிளக்கும் நீரிணையின் தயவில் நிற்கும் முதன்மை எத்தகைய முதன்மை?

இதற்கு மாறாக அலகாபாத் செய்தியைப் பாருங்கள். 1911 பிப்ரவரி 18இல் பிரெஞ்சு விமானி ஹென்றி பெக்கே ஆறாயிரத்துக்கு மேற்பட்ட கடிதங்களோடு அலகாபாத்திலிருந்து யமுனையைக் கடந்து நைனிக்குப் பறந்தார். உலகின் முதல் ‘அதிகாரப்பூர்வ’ விமான அஞ்சல் அது. அந்த ஒற்றை அடைமொழி உரிமையின் எல்லையைச் சரியாக வரையறுக்கிறது. அஞ்சல் முத்திரையும் சான்றாக நிற்கிறது. பல்லாவரத்துக்கு அத்தகைய வரையறையை எவரும் இன்னும் செய்து தரவில்லை. அதனால் டி ஏஞ்செலிஸின் முயற்சி சிறுமைப்படவில்லை. சிறுமைப்படுவது அதைச் சொல்லும் முறையே.

நாம் பேச வந்தது இதனோடு முடியவில்லை. ஐரோப்பியர் ஒருவரின் பெயரில் இத்தகைய முதன்மை அச்சேறும்போதெல்லாம், நம் சமுதாய மேடைகளிலும் சிறப்பு மலர்களிலும் ஒரு மறுமொழி தவறாமல் எழுகிறது: ‘ஆயிரம் ஆண்டுகளுக்கு முன்பே எங்கள் அப்பாஸ் இப்னு ஃபிர்னாஸ் பறந்துவிட்டார்.’ ஆண்டும் குறிக்கப்படும்: கி.பி. 875. பறந்த நேரம்கூடச் சிலர் கட்டுரைகளில் நிமிடக்கணக்கில் காணப்படும். பல்லாவரத்துச் செய்தியிடம் நாம் கேட்ட கேள்விகளை இச்செய்தியிடமும் கேட்பதே நேர்மை. அதற்குரிய கருவிகளை வெளியே தேடவேண்டியதில்லை. அறிவிப்பாளர் யார், அவர் யாரிடம் கேட்டார், இருவரும் ஒரே காலத்தவரா, செய்தியின் வாசகம் ஏற்கத்தக்கதா என்று வினவும் கலை நம் மதரஸாக்களின் அன்றாடப் பாடம். ஸனதையும் மத்னையும் காலையில் பாடமாக நடத்திவிட்டு, மாலையில் மேடையேறி ஸனதே இல்லாத செய்தியை முழங்குவது நமக்குப் பொருந்துமா?

இப்னு ஃபிர்னாஸ் ஹிஜ்ரி 274, அதாவது கி.பி. 887இல் மறைந்தார். அவர் பறந்ததைச் சொல்வோர் பெரும்பாலும் மேற்கோள் காட்டுவது ‘நஃப்ஹுத் தீப்’ என்னும் பெருநூலை. அதன் ஆசிரியர் அல்மக்கரீ மறைந்ததோ கி.பி. 1632இல். இடைவெளி எழுநூற்று நாற்பத்தைந்து ஆண்டுகள்! ஹதீஸ் கலையின் அளவுகோலை அப்படியே வைத்தால் இச்செய்தி முதல் வாசலிலேயே நின்றுவிடும். ஆனால் அவ்வளவு கடுமை இங்கு வேண்டியதில்லை. மார்க்கச் சட்டத்தை நிறுவும் அறிவிப்புகளில் காட்டிய கண்டிப்பை வரலாற்றுச் செய்திகளில் நம் முன்னோர் காட்டவில்லை. மேலும் அல்மக்கரீ, தமக்கு முந்திய அந்தலுஸ் ஆசிரியர்களின் நூல்களிலிருந்து எடுத்துத் தொகுத்தவர். அவற்றுட் பல இன்று நம் கையில் இல்லை.

அனைத்திலும் முக்கியமானது, இச்செய்திக்குச் சமகாலச் சான்று ஒன்று இருப்பது. இப்னு ஃபிர்னாஸ் வாழ்ந்த அதே அரசவையில் முஃமின் இப்னு ஸயீத் என்னும் கவிஞர் இருந்தார். வசைபாடுவதில் வல்லவர், இப்னு ஃபிர்னாஸோடு பிணக்குக் கொண்டவர். இறகு போர்த்திப் பறந்ததைச் சுட்டும் அவருடைய பைத்து ஒன்றை அல்மக்கரீ தருகிறார். புகழ்பாடும் நண்பரின் கவிதையாக இருந்திருந்தால் அதை நாம் தள்ளிவிடலாம். குறைகாணக் காத்திருந்த ஒருவரே சொன்னமையால் அதற்கு எடை கூடுகிறது. ஏதோ ஒரு முயற்சி நடந்தது என்பதை இந்தப் பைத்து உறுதிசெய்கிறது. அது எந்த ஆண்டு, எத்தனை நிமிடம் என்பனவற்றை உறுதிசெய்யவில்லை. 875 என்ற ஆண்டை அல்மக்கரீ சொல்லவே இல்லை. இப்னு ஃபிர்னாஸுக்கு முன்னோடியாக ‘அர்மன் ஃபிர்மன்’ என்றொருவர் குர்துபாவில் குதித்ததாகவும் சிலர் எழுதுகின்றனர். அது பெரும்பாலும் இப்னு ஃபிர்னாஸின் பெயரே திரிந்து இன்னொரு மனிதராகிவிட்ட கதை. ஒருவரை இருவராக்கி இரட்டிப்புப் பெருமை கொண்டாடுகிறோம்.

வாசகத்துக்கு வருவோம். அவர் இறங்கும்போது முதுகில் அடிபட்டது. பறவை தன் வாலின் துணையால்தான் இறங்குகிறது என்பதை அறியாமல் அவர் வால் அமைக்கவில்லை என்கிறது செய்தி. இந்த நுணுக்கம் செய்திக்கு உண்மையின் மணத்தைத் தருகிறது என்பர் சிலர். நாமும் அதை எளிதில் ஒதுக்கமாட்டோம். ஆயினும் பதினோராம் நூற்றாண்டில் இங்கிலாந்தின் மாம்ஸ்பரி மடத்துத் துறவி எய்ல்மர் கோபுரத்திலிருந்து பறந்து கால் முறிந்தபோது, அவரும் தம்மிடம் வால் இல்லாததையே காரணமாகக் கூறினாராம். அமெரிக்க வரலாற்றாசிரியர் லின் வைட் 1961இல் இவ்விரண்டையும் அருகருகே வைத்து ஆராய்ந்தார். இரு வேறு மனிதர் தத்தம் அனுபவத்தால் ஒரே முடிவுக்கு வந்தனரா? அல்லது ஒரு கதை கடல் கடந்து இன்னொரு கதையாயிற்றா? முடிவு எதுவாயினும் இக்கேள்வியை எழுப்பும் கட்டுரை ஒன்றையேனும் நம் மலர்களில் காணவேண்டும் என்பது நம் ஆவல்.

இதில் இன்னொரு இழப்பும் உண்டு. கல்லிலிருந்து கண்ணாடி செய்யும் முறையையும் நேரங்காட்டும் கருவியையும் இப்னு ஃபிர்னாஸ் கண்டார் என்றும், கலீலின் யாப்பிலக்கண நூலை அந்தலுஸில் முதலில் விளங்கிக்கொண்டவர் அவரே என்றும் அல்மக்கரீ அதே இடத்தில் எழுதுகிறார். நிலவில் ஒரு பள்ளத்துக்கு அவர் பெயர் இருப்பதை நம் மாணவர் அறிவர். அரூள் கலையைக் குர்துபாவுக்குத் திறந்துவிட்டவர் என்பதை அறியார். சிறகு அவரை மறைத்துவிட்டது.

அரபுக் கல்லூரிகளுக்கு மிக நெருக்கமான பறத்தல் கதை வேறொன்று. ‘ஸிஹாஹ்’ அகராதியைத் தந்த இமாம் ஜவ்ஹரீ, நைஸாபூரில் தம் இறுதி நாள்களில் மனம் குழம்பி, கதவின் இரு பலகைகளை உடலில் கட்டிக்கொண்டு பள்ளிவாசலின் கூரையிலிருந்து பறக்க முயன்று விழுந்து மாண்டார் என்று யாகூத்தின் ‘முஃஜமுல் உதபா’ கூறுகிறது. இச்செய்தி அங்கு எந்தச் சூழலில் வருகிறது என்பதைக் கவனிக்க வேண்டும். அகராதியின் பிற்பகுதியில் பிழைகள் காணப்படுவது ஏன் என்பதற்கு விளக்கமாக அது வருகிறது. ளாத் எழுத்துவரை ஆசிரியரே செப்பம் செய்தார். எஞ்சியதை அவர் மறைந்தபின் மாணவர் படியெடுத்தார். ஆகவே பிழை நேர்ந்தது என்பது வாதம். ஓர் இமாமின் நூலைக் காக்க அவரது அறிவுத் தெளிவைப் பலிகொடுக்கும் கதை! ஆனால் யாகூத் பெரிய அறிஞர். ஜவ்ஹரீயின் மறைவு ஹிஜ்ரி 393 எனச் சொல்லப்பட, 396இல் அவர் கையாலேயே எழுதப்பட்ட படி ஒன்றைத் தாம் கண்டதாகவும் அவர் பதிவுசெய்கிறார். கதையைச் சொல்லிவிட்டு, அதை ஐயுறுவதற்கான சான்றையும் வாசகன் கையில் தருகிறார். நாம் கேட்பது இந்த நாணயத்தைத்தான்.

கலத்தா கோபுரத்திலிருந்து பாஸ்ஃபரஸைத் தாண்டிப் பறந்த ஹஸார்ஃபன் அஹ்மத் செலபியைப் பற்றி அதிகம் சொல்ல வேண்டியதில்லை. அச்செய்தியின் ஒரே ராவி எவ்லியா செலபி. மிகைபடக் கூறுவதில் அவருக்கிருந்த விருப்பம் உலகறிந்தது.

‘பிள்ளைகளுக்கு ஊக்கமளிக்கும் செய்தியைப் போய் ஏன் துருவ வேண்டும்?’ என்று நம்மிடம் கேட்பவர்கள் உண்டு. குரோம்பேட்டையிலோ தாம்பரத்திலோ பொறியியல் படிக்கும் நம் பிள்ளை, மேடையில் கேட்டதை வகுப்பில் சொல்கிறான். உடன் படிப்பவன் அடுத்த நிமிடமே தேடிப்பார்த்து, 875க்கும் நிமிடக்கணக்கிற்கும் ஆதாரம் எங்கே என்கிறான். பிள்ளை தலைகுனிகிறான். அதோடு நில்லாமல், நாம் சொல்லித்தந்த இப்னுல் ஹைஸமின் ஒளியியலும் அல்ஜஸரீயின் இயந்திரங்களும்கூட இப்படித்தானோ என்று எண்ணத் தொடங்குகிறான். உறுதியான சான்றுடைய அவை, சான்றில்லாத ஒன்றுக்காக ஐயத்துக்கு இரையாகின்றன. செய்தியைத் தீர விசாரிக்கச் சொல்லும் அல்ஹுஜுராத் அத்தியாயத்தின் ஆறாம் வசனம் நமக்கு மனப்பாடம். அது நம் பெருமைகளுக்கு மட்டும் விலக்களிக்கவில்லை.

ஐயத்துக்கு இடமின்றி நடந்தவற்றை நாம் கொண்டாடுகிறோமா என்றால், அதுவும் இல்லை. 1914 பிப்ரவரி 8இல் உதுமானிய விமானிகள் இரு விமானங்களில் இஸ்தான்பூலிலிருந்து கெய்ரோவை நோக்கிப் புறப்பட்டனர். அனடோலியாவின் மலைகளைத் தாண்டி, ஷாம் வழியாக, இரண்டாயிரம் கிலோமீட்டருக்கு மேற்பட்ட பயணம். வழிகாட்ட வானொலி இல்லை. இறங்கச் சீரான தளம் இல்லை. பிப்ரவரி 27இல் ஃபத்ஹீ, ஸாதிக் இருவரும் திபேரியா ஏரியை ஒட்டிய பகுதியில் விழுந்து உயிர்நீத்தனர். அடுத்த விமானத்தை ஓட்டிவந்த நூரீ, மார்ச் 11இல் யாஃபா கடலில் மூழ்கினார். உடன் வந்தவர் பிழைத்தார். பின்னர் வேறிருவர் புறப்பட்டு, மே மாதத்தில் எகிப்தை அடைந்தனர். துருக்கியில் மெக்ரி என்றிருந்த கடற்கரை ஊர் ஃபத்ஹீயின் நினைவாக ஃபத்ஹியே ஆயிற்று. இது நாளும் இடமும் பெயரும் தெளிவாகப் பதிவான வரலாறு. இப்னு ஃபிர்னாஸுக்குப் பத்துப் பக்கம் ஒதுக்கும் மலர்களில் இவர்களுக்கு ஒரு வரியும் இல்லை. வென்று முதலிடம் பெறாதவர்கள் என்பதாலா?

திமிஷ்கின் உமையா பள்ளிவாசலை அடுத்து, சுல்தான் ஸலாஹுத்தீனின் அடக்கத்தலத்தின் அருகிலேயே மூவரும் அடக்கம் செய்யப்பட்டனர். ஷாமுக்கு ஸியாரத் சென்று வந்த நம்மவர் எழுதிய பயணக் கட்டுரைகள் பலவற்றைப் படித்திருக்கிறோம். சுல்தானின் அடக்கத்தலத்தில் நின்று உருகியதை எழுதாதவர் இல்லை. பக்கத்திலுள்ள மூன்று கப்றுகள் யாருடையவை என்று வழிகாட்டியிடம் கேட்டதாக எழுதியவரை இன்னும் காணவில்லை.