தக்காளி சூப்பும் கொத்தமல்லித் தண்டும்

தேன்கனிக்கோட்டைக் குளிருக்குத் தக்காளி சூப் அப்படிப் பொருந்தும். பக்கத்து ராயக்கோட்டைச் சந்தை தக்காளிக்கே பேர்போனது. விலை சரிந்த வாரம் சூப்புக்கு நல்ல வாரம், விவசாயிக்கு அல்ல. நன்றாகப் பழுத்த அரைக் கிலோவை வெங்காயம், நாலு பல் பூண்டோடு வெண்ணெயில் வதக்கி, மூடி போட்டுக் குழைய விடுங்கள். சூப் கெட்டியாக ஹோட்டல்களில் கார்ன்ஃப்ளார் கரைத்து ஊற்றுவார்கள், வழவழப்புதான் மிஞ்சும். என் ஓட்டு கூடவே வேகும் சின்ன உருளைக்கிழங்குக்கு. அரைத்து வடிகட்டி, அடுப்பை அணைத்து, சற்று ஆறியபின் பாலேடு சேருங்கள். கொதிக்கும் புளிப்பில் திரிந்துவிடும். கொத்தமல்லித் தண்டு வதக்கும்போதே விழட்டும், வாசம் அதில்தான். இலையும் கொஞ்சம் புதினாவும் கிண்ணத்தில் ஊற்றியபின். மிளகு தாராளமாக. பேசில் இலை தேடி ஓசூர்வரை ஓடுவதெல்லாம் வீண் வேலை.