கணக்குத் தாளில் மட்டும் பெயர்

‘ராமாயணம்’ படத்துக்கு ஏ.ஆர். ரஹ்மானுடன் ஹாலிவுட்டின் ஹான்ஸ் ஜிம்மரும் இசையமைக்கிறார் என்று தெரிந்ததிலிருந்து, ஜிம்மரின் சாண்டா மோனிகா இசைப் பட்டறையை மெச்சாத ஆளில்லை. அது ஒரு குருகுலமாம். இளைஞர்கள் தொழில் கற்று, பெயரெடுத்து வெளியே வருகிறார்களாம்.

வந்திருக்கிறார்கள்தான். ஜான் பவல், ‘கேம் ஆஃப் த்ரோன்ஸ்’ ராமின் ஜவாடி எல்லாரும் அங்கே உருவானவர்கள். சில வாரங்களில் முழுப் படத்துக்கும் பின்னணி இசை கேட்கும் தொழிலில் தனியாளாகச் சமாளிக்க முடியாது என்பதும் நியாயம். உடன் உழைத்தவர்களை ‘கூடுதல் இசை’ என்று டைட்டிலில் ஜிம்மர் போடவும் செய்கிறார்.

ஆனால் யார் எதை எழுதினார்? பல படங்களுக்கு ஜிம்மர் முதலில் நீண்ட இசைத் தொகுப்பு ஒன்றை எழுதிவிடுகிறார். அதைக் காட்சிக்கேற்ப வெட்டி, வசனம் வரும்போது தணித்து, கதவு திறக்கும் நொடியில் தாளத்தை மாற்றுவதில் பெரும்பங்கு மற்றவர்களுடையது. பின்னணி இசை என்பதே அந்த வேலைதானே!

2008-இல் ‘தி டார்க் நைட்’ விவகாரத்தில் குட்டு உடைந்தது. படத்தின் கியூ ஷீட்டில் ஜிம்மர், ஜேம்ஸ் நியூட்டன் ஹோவர்டு தவிர லோர்ன் பால்ஃப், மெல் வெசன், அலெக்ஸ் கிப்சன் பெயர்களும் இருந்தன. தொலைக்காட்சியில் படம் ஓடும்போது யாருக்கு எவ்வளவு ராயல்டி என்பதை முடிவுசெய்யும் தாள் அது. அமெரிக்கத் திரையரங்குகள் இசைக்கு ராயல்டி தருவதில்லை என்பதால் அதன் மதிப்பு இன்னும் அதிகம். ஐந்து பெயர்களைக் கண்டதும் ஆஸ்கர் அகாதமி அந்த இசையைத் தகுதிநீக்கம் செய்தது. இசை முதன்மையாக அந்த இருவருடையதே என்று மற்ற மூவரும் எழுதிக் கையெழுத்திட்டும் முதலில் பலிக்கவில்லை. பிறகு அகாதமி மனம் மாறியது.

அதாவது, காசு வாங்கும்போது நீயும் இசையமைப்பாளன். பரிசு என்று வந்தால் ஒதுங்கி நில். காசில் பங்கு கொடுக்கத்தான் அந்தப் பெயர்களைச் சேர்த்ததாக ஜிம்மர் தரப்பில் சொன்னார்கள். பெருந்தன்மைதான். ஆனால் பெருந்தன்மையால் கிடைப்பது உரிமையாகிவிடாது.

இந்தக் கதை புதிதல்ல. 1936-இல் ‘ஆன்டனி அட்வர்ஸ்’ படத்துக்கு இசை எழுதியவர் கோர்ன்கோல்ட். ஆஸ்கரோ வார்னர் இசைத்துறைத் தலைவர் லியோ ஃபோர்ப்ஸ்டைன் பெயருக்குப் போனது. அன்றைய விதி அப்படி. அதை 1938-இல் திருத்திய ஹாலிவுட்தான், இன்று துறைத் தலைவரின் நாற்காலியில் பட்டறை முதலாளியை உட்காரவைத்திருக்கிறது. 2003-இல் ‘பைரேட்ஸ் ஆஃப் தி கரீபியன்’ இசையமைப்பாளராகப் பெயர் போட்டது அதே பட்டறையின் கிளாஸ் பேடல்ட்டுக்கு. கூடவே ஏழெட்டுப் பேர் எழுதினார்கள். அதையும் ஜிம்மர் இசை என்றுதானே ரசிகன் சொல்கிறான்? பட்டறைக்குள் யார் வாசித்தாலும் ஒரே குரல் கேட்பது அந்த முறையின் வெற்றியாம். கலைக்கு அதைவிடப் பெரிய தோல்வி எனக்குத் தெரியவில்லை.

எந்தத் துண்டை யார் எழுதினார் என்ற விவரம் ராயல்டிக்காக ஏற்கெனவே எழுதி வைக்கப்படுகிறது. அதை அப்படியே ஆல்பத்திலும் அச்சிடட்டும். அதுவரை பின்னணி இசையைப் பாராட்டி எழுதும் விமர்சகனுக்குத் தான் யாரைப் பாராட்டுகிறோம் என்பதே தெரியாது.