ஸ்மிர்னா வழி, பிரேயஸ் வழி

ரெபெத்திகோ பாடுகிறவர் அழுது பாடுவதில்லை. சிறை, கஞ்சா, காசநோய், வறுமை, கைவிட்டுப் போன காதல் என்று எதைப் பாடினாலும் நாற்காலியில் உட்கார்ந்தபடி, முகம் அசையாமல் பாடுவார். பக்கத்தில் வாத்தியக்காரர்கள் ஒரே வரிசையில் அமர்ந்திருப்பார்கள். பாட்டில் உள்ள துயரம் கேட்பவருக்கு உரியது, பாடகர் அதைக் கொண்டுவந்து சேர்த்தால் போதும் என்பது இந்த இசையின் எழுதாத சட்டம். கிரேக்கத் துறைமுகங்களில் வளர்ந்த இந்தக் கலையின் ஒவ்வொரு பள்ளியையும் நான் அந்த அடக்கத்தை வைத்தே எடைபோடுகிறேன்.

முதல் பள்ளி கிரேக்க நாட்டுக்கு வெளியே உருவானது. ஆசியா மைனரின் மேற்குக் கரையில், இன்றைய துருக்கியின் இஸ்மிர் நகரம் அன்று ஸ்மிர்னா. கிரேக்கர், துருக்கியர், ஆர்மீனியர், யூதர் எல்லோரும் ஒரே காப்பிக்கடையில் ஒரே பாடகரைக் கேட்ட ஊர். 1922 செப்டம்பரில் அது எரிந்தது. அடுத்த ஆண்டு லோசான் ஒப்பந்தம் மதத்தை மட்டுமே கணக்கில் எடுத்து மக்களைப் பண்டமாற்றுச் செய்தது. சுமார் 12 லட்சம் ஆர்த்தடாக்ஸ் கிறிஸ்தவர்கள் கிரேக்கத்துக்கும், சுமார் 4 லட்சம் முஸ்லிம்கள் துருக்கிக்கும் போக நேர்ந்தது. வந்தவர்களில் தேர்ந்த இசைக்கலைஞர்கள் பலர். பிரேயஸ் துறைமுகத்தைச் சுற்றி எழுந்த அகதிக் குடியிருப்புகளில் வயலின், ஊத், சந்தூரி, கானூன் எல்லாம் மறுபடி சுருதி சேர்க்கப்பட்டன.

ஸ்மிர்னா வழியின் உச்சம் ‘அமானே’. பெரும்பாலும் பதினைந்து அசை கொண்ட ஈரடிப் பாட்டை எடுத்துக்கொண்டு, தாளக் கட்டு இல்லாமல், ராகம் போன்ற சுரவழியான ஒரு மக்காமின் சுரங்களுக்குள் இறங்கி ஏறிப் பாடுவது. நடுநடுவே ‘அமான்’ என்ற முறையீடு. விருத்தம் கேட்டுப் பழகிய காதுக்கு இதன் அமைப்பு அந்நியமாகப் படாது. இந்த வழியைப் பெண்கள் ஆண்டார்கள். கான்ஸ்டாண்டினோபிளிலிருந்து வந்த யூதப் பெண் ரோசா எஸ்கெனாசி, அவருக்குச் சமமாக நின்ற ரீட்டா அபாட்சி இருவரும் 1930களின் இசைத்தட்டுகளில் பாடியிருப்பதைக் கேளுங்கள். ரோசாவிடம் மினுக்கம் அதிகம். எனக்கு ரீட்டாவின் சற்றுக் கரகரத்த, தாழ்ந்து வரும் குரலே நிறைவு தருகிறது. ஒரு பிர்காவைக்கூட வீணாக்காதவர் அவர். இவர்களுக்குப் பாட்டு எழுதி, ஒலிப்பதிவுக் கம்பெனிகளில் பொறுப்பிலும் இருந்த பனாயோட்டிஸ் டூண்டாஸ் ஸ்மிர்னாவில் பிறந்தவர். ரெபெத்திகோ வரலாறு எழுதுகிறவர்கள் புசூக்கியில் தொடங்கி இவர்களை முன்னுரைக்குள் ஒதுக்கிவிடுவது பெரிய அநியாயம்.

புசூக்கி பிரேயஸ் வழியின் கருவி. கழுத்து நீண்ட, பேரிக்காய் வடிவக் குடம் கொண்ட தந்திவாத்தியம். மூன்று இரட்டைத் தந்திகள், மீட்டுகோலால் வாசிப்பார்கள். அதன் குட்டி வடிவமான பக்லமாஸ் மேலங்கிக்குள் ஒளித்துவைக்கும் அளவுதான். சிறைக்கைதிகள் அகப்பட்டதைக் கொண்டு அதைச் செய்துகொண்டார்கள். போலீஸ் கண்ணில் புசூக்கி ரவுடிகளின் அடையாளம். ஒலிப்பதிவுக் கம்பெனிகளும் அதைத் தீண்டத் தயங்கின. 1932-ல் நியூயார்க்கில் யானிஸ் ஹலிகியாஸ் வாசித்த தட்டு ஒன்று கடல் கடந்து வந்து நன்றாக விற்றபிறகே அந்தத் தயக்கம் விலகியது.

விலகிய வழியாக நுழைந்தவர் மார்க்கோஸ் வம்வகாரிஸ். 1905-ல் சிரோஸ் தீவின் கத்தோலிக்கக் குடும்பம் ஒன்றில் பிறந்து, சிறுவனாகவே பிரேயஸ் வந்து, கரிமூட்டை தூக்கி, பிறகு இறைச்சிக்கூடத்தில் வேலை பார்த்தவர். ஒருநாள் புசூக்கி கேட்டுவிட்டு, ஆறு மாதத்தில் இதைக் கற்காவிட்டால் வெட்டுக்கத்தியால் கையைத் துண்டித்துக்கொள்வேன் என்று சபதம் செய்ததாக அவரே பின்னாளில் சொல்லியிருக்கிறார். 1934-ல் அவரும் கியோர்கோஸ் பாட்டிஸ், அனெஸ்திஸ் டெலியாஸ், ஸ்ட்ராட்டோஸ் பயுஞ்சிஸ் ஆகியோரும் ‘புகழ்பெற்ற பிரேயஸ் நால்வர்’ ஆனார்கள். நால்வரில் டெலியாஸ் ஸ்மிர்னாவிலும் ஸ்ட்ராட்டோஸ் அதே ஆசியா மைனர் கரையின் அய்வாலிக்கிலும் பிறந்தவர்கள். இரண்டு பள்ளிகளுக்கும் நடுவே சுவர் எழுப்புகிறவர்கள் இதை மறந்துவிடுகிறார்கள்.

ஆனால் இலக்கண அளவில் ஒரு மாற்றம் நடந்தது உண்மை. வயலினிலும் ஊத்திலும் சுரத்தின் நுண்ணிய ஏற்ற இறக்கங்கள் கைக்குள் இருந்தன. புசூக்கியின் மெட்டுகள் சுருதியில் சம இடைவெளி வரும்படி அடிக்கப்பட்டவை. அதனால் மக்காம் தன் நுண்சுருதிகளை இழந்து ‘த்ரோமோஸ்’, அதாவது ‘வழி’, ஆனது. ஹிஜாஸ், உசாக், சபா, ரஸ்து என்று பெயர்கள் கிழக்கிலிருந்தே வந்தன. ஹிஜாஸ்கார் த்ரோமோஸின் சுரவரிசை நம் மாயாமாளவகௌளையின் வரிசையேதான். துறைமுகத்தின் பெயரையே தாங்கிய பிரேயோத்திகோஸ், பந்துவராளியின் வரிசையில் வருகிறது. வரலாற்று உறவு எதையும் இதில் தேட வேண்டாம். கமகமும் சஞ்சாரமும் முற்றிலும் வேறு. பாட்டுக்கு முன் அந்த வழியைத் திறந்துகாட்ட வாசிக்கும் தாளமற்ற பகுதி ‘தக்சீமி’. மூன்று நிமிடத் தட்டில் அதற்குக் கிடைத்தது சில நொடிகளே. வம்வகாரிஸ் அந்தச் சில நொடிகளில் நாலைந்து சுரங்களைத் திரும்பத் திரும்ப அழுத்தி, த்ரோமோஸின் முகத்தைக் காட்டிவிடுவார்.

தாளங்களில் தலையாயது செய்பெக்கிகோ. ஒன்பது அட்சரம், கனத்த நடை. தனி ஒருவர் எழுந்து ஆடுவது. கற்பித்த அடவு கிடையாது. ஒருவர் ஆடும்போது இன்னொருவர் உள்ளே நுழையக் கூடாது. ஆடுகிறவர் கேட்டு வாங்கிய பாட்டு அவருக்கே சொந்தம். இந்த மரபு மீறப்பட்ட ஒரு சண்டையில் 1973-ல் ஏதென்ஸ் இரவு விடுதி ஒன்றில் மூன்று போலீஸ்காரர்கள் கொல்லப்பட்டார்கள். கசாப்புக்காரர்களின் பெயர் தாங்கிய ஹசாப்பிகோ இதற்கு நேர்மாறு: தோள்மேல் கைபோட்டு ஒரே வரிசையாக ஆடுவது.

1936 ஆகஸ்டில் மெதாக்சாஸ் சர்வாதிகாரியானார். பண்டைய கிரேக்கம், பைசாந்தியம், அவற்றையடுத்துத் தன் ஆட்சி ‘மூன்றாம் ஹெலனிய நாகரிகம்’ என்று அறிவித்த மனிதருக்குத் துருக்கிச் சாயல் கொண்ட அமானே பிடிக்குமா? தணிக்கை வந்தது. கஞ்சாப் பாட்டும் அமானேயும் தட்டுகளிலிருந்து மறைந்தன. இதில் மனம் பொறுக்காத செய்தி ஒன்று உண்டு. 1934-லேயே துருக்கி அரசு ஒட்டோமான் மரபு இசையைத் தன் வானொலியிலிருந்து விலக்கியிருந்தது. கடலின் இரு கரையிலும் ஒரே இசைக்கு வாய்ப்பூட்டு. இங்கே துருக்கியத்தனம் என்று காரணம், அங்கே பழமை என்று காரணம். வாங்கெலிஸ் பப்பாசோக்லு தன் பாட்டுகளைத் தணிக்கையாளர் முன் வைக்க மறுத்து, ஒலிப்பதிவையே விட்டார். 1943-ல் காசநோயில் இறந்தார். டூண்டாஸ் 1942-ல், டெலியாஸ் 1944-ல். ஜெர்மானிய ஆக்கிரமிப்பின் பஞ்சத்தில் ஒரு தலைமுறையே போயிற்று.

தணிக்கைக் காலத்திலேயே மூன்றாவது வழி ஒன்று பிறந்தது. சட்டம் படிக்க வந்த திரிக்காலா இளைஞர் வசிலிஸ் சிட்சானிஸ் கஞ்சாவை விட்டுக் காதலையும் பிரிவையும் எழுதினார். மேற்கத்திய மேஜர், மைனர் வரிசைகளையும் இரட்டைக் குரல் இசைவையும் கொண்டுவந்தார். தூய்மைவாதிகள் இதைச் சரிவு என்பார்கள். நான் ஏற்க மாட்டேன். ஆக்கிரமிப்பின் நினைவைச் சுமந்த அவருடைய ‘மேகம் மூடிய ஞாயிற்றுக்கிழமை’ 1948-ல் உள்நாட்டுப் போருக்கு நடுவே தட்டில் வந்தது. சவுசாக்கிஸும் சோட்டிரியா பெல்லுவும் குரல் உயர்த்தாமல் பாடியிருக்கிறார்கள். பெல்லுவின் ஆழ்ந்த குரலில், பெண்களிடமிருந்து பிரேயஸ் பறித்த இடம் திரும்பக் கிடைத்தது என்றே சொல்வேன்.

1949 ஜனவரியில் இளம் இசையமைப்பாளர் மானோஸ் ஹஜிடாகிஸ் ஏதென்ஸில் ஆற்றிய உரை, படித்தவர் கூட்டத்தின் முன் ரெபெத்திகோவை நிமிர்த்தி வைத்தது. வலதுசாரிகள் அதைக் கிழக்கத்திய அழுக்கு என்றும், இடதுசாரிகளில் பலர் சீரழிவு என்றும் ஒதுக்கிய நேரம் அது. 1960-ல் மிக்கிஸ் தியோடொராகிஸ், யானிஸ் ரிட்சோஸின் ‘எபித்தாஃபியோஸ்’ கவிதைக்குப் புசூக்கியை வைத்தார். வாசித்தவர் மனோலிஸ் ஹியோட்டிஸ். நான்காவது இரட்டைத் தந்தியைச் சேர்த்து, கிட்டார்போல் சுருதி மாற்றி, புசூக்கிக்கு மின்னல் வேகம் தந்தவரும் அவரே. அவர் விரல்கள் அதிசயம். ஆனால் அவரைப் பின்பற்றியவர்களிடம் வேகம் மட்டும் மிஞ்சியது. திறந்து விட்ட தந்தி கீழே முனகிக்கொண்டிருக்க, மேலே சில சுரங்கள் மட்டும் பேசும் பழைய கனம் போய்விட்டது.

ராணுவ ஆட்சிக் காலத்தில் இந்தப் பாட்டுகளைத் தொகுத்து நூலாக்கிய இலியாஸ் பெத்ரோபுலோஸ் சிறைக்குப் போனார். ஆட்சி 1974-ல் விழுந்ததும் மாணவர்கள் பழைய தட்டுகளைத் தேடிப்பிடித்து, மூன்று தந்திப் புசூக்கிக்கே திரும்பினார்கள். 2017-ல் யுனெஸ்கோ பட்டியலில் ரெபெத்திகோ சேர்ந்தது. இன்று ஏதென்ஸின் சிறிய உணவகங்களில் ஒலிபெருக்கி இல்லாமல் வாசிக்கும் இளைஞர்கள் வயலினையும் ஊத்தையும் மறுபடி பக்கத்தில் உட்காரவைக்கிறார்கள்.

புதிதாகக் கேட்கத் தொடங்குகிறவர்களுக்கு வம்வகாரிஸின் 1935 தட்டு ‘ஃபிராங்கோசிரியானி’ நல்ல வாசல். கத்தோலிக்கத் தீவுப் பெண்ணைப் பற்றிய காதல்பாட்டு. மெட்டு உடனே ஒட்டிக்கொள்ளும். அதன்பின் ரீட்டா அபாட்சியின் ஏதாவது ஓர் அமானேயை, தட்டின் கீறல் ஒலியோடு, ஒரே இருப்பில் இரண்டு முறை கேளுங்கள். முதல்முறை குரலை, இரண்டாம் முறை அவர் மூச்சு வாங்கும் இடங்களில் வயலின் என்ன பதில் சொல்கிறது என்பதை.