சீட்டு மொழி: திருத்தமும் பொருள் மாற்றமும்

அமெரிக்காவில் ரிச்சர்டு கார்ஃபீல்டு வடிவமைத்து 1993இல் வெளிவந்த ‘மேஜிக்: த கேதரிங்’ என்னும் சீட்டாட்டத்தில், பெரும்பாலான சீட்டுகளில் ஓரிரு விதித்தொடர்கள் அச்சிடப்பட்டிருக்கும். அவை வருணனைகள் அல்ல. ஆட்டத்தில் நிகழவேண்டியதை விதிப்பவை. சொல்லும் தொடரமைப்பும் வரையறுக்கப்பட்ட இம்மொழியைப் பயின்ற ஆர்வலர்கள், வெளியீட்டு நிறுவனத்தின் சார்பின்றித் தாமே புதிய சீட்டுத் தொகுப்புகளை எழுதிவருகின்றனர். நிறுவனம் தன் சொல்வழக்கை மாற்றுந்தோறும் அத்தொகுப்புகளும் திருத்தம் வேண்டி நிற்கின்றன. இதனைச் சொல்லுக்குச் சொல் மாற்றும் எழுத்தர் பணியாகக் கருதுவதுண்டு. அக்கருத்து ஏற்கத்தக்கதன்று.

சில மாற்றங்கள் எழுத்தர் பணியளவில் முடிவன என்பது உண்மையே. ‘ஆட்டத்திற்குள் வருகிறது’ என்னும் பொருளுடைய ஆங்கிலத் தொடர் 2009இல் ‘போர்க்களத்தில் நுழைகிறது’ என்றாயிற்று. 2024இல் இடப்பெயரும் நீங்கி ‘நுழைகிறது’ என்று மட்டும் நின்றது. விதியின் பொருள் மாறவில்லை. (தமிழில் பெயர்ப்பவர் இக்கடைசிச் சுருக்கத்தை அவ்வாறே கொள்ளல் அரிது, ‘எங்கே?’ என்னும் வினா உடன் எழும்.) மறுதலையாக, ஆட்டக்காரரைச் சுட்டிய ‘அவன் அல்லது அவள்’ என்னும் வழக்கு 2018இல் பால் பகாச் சுட்டாயிற்று, ‘அவர்’ என்று எழுதும் தமிழுக்கு அதனால் ஆவது ஒன்றுமில்லை.

இடர் வேறிடத்தில் உள்ளது. ‘ஆட்டத்திலிருந்து நீக்கப்பட்டவை’ இருக்கும் இடத்திற்கு 2009இல் ‘எக்ஸைல்’ என்று புதுப் பெயர் இடப்பட்டது. பெயர் மட்டுமே மாறியதாகத் தோன்றும். ஆனால், 2002இல் வந்த ‘பர்னிங் விஷ்’ போன்ற சீட்டுகள் ‘ஆட்டத்திற்கு வெளியே’ உள்ள சீட்டை எடுத்துக்கொள்ள இசைவு தருபவை. நீக்கப்பட்ட சீட்டு முன்னர் வெளியே உள்ளதாகக் கொள்ளப்பட்டது. எக்ஸைலில் உள்ளதோ ஆட்டத்திற்கு உட்பட்டது. ஆகவே, அச்சீட்டின் அத்தொடரில் ஒரு சொல்லும் மாறாமலே அதன் ஆற்றல் குறைந்தது.

ஆர்வலர் தொகுப்பிலும் இத்தகைய சீட்டு ஒன்று இருக்குமாயின், பழைய சொல்லைத் தேடி மாற்றுபவர் கண்ணில் அது படாது. அதில் மாற்றவேண்டிய சொல்லே இல்லை. பழைய ஆற்றலைக் காக்க விரும்பினால், ‘எக்ஸைலில் உள்ளதையும்’ என வெளிப்படக் கூறவேண்டும். 2019இல் வந்த ‘கார்ன், த கிரேட் கிரியேட்டர்’ என்னும் சீட்டில் நிறுவனமே இவ்விரு இடங்களையும் தனித்தனியே குறித்துள்ளது. எழுதியவர் எதனை நாடினார் என்பதைத் தெளிய, பழைய வடிவமும் அதன் ஆண்டும் உடன் இருத்தல் வேண்டும். பழையதை அழித்து அதன்மேல் புதியதை எழுதும் தொகுப்பில் அதற்கு வழியில்லை.