ஆலை நகரமும் தாளமும்: டேட்டன் முதல் திருப்பூர் வரை

ஃபங்க் இசை 1960களின் நடுவில் ஜேம்ஸ் பிரவுனிடம் உருக்கொண்டது. மெட்டைப் பின்னுக்கு நகர்த்தித் தாளத்தை முன்னே நிறுத்திய கறுப்பின இசை அது. சுற்றின் முதல் அடி ஓங்கி விழும். பேஸ் கிட்டாரும் டிரம்ஸும் ஊதுகருவிகளும் அந்த அடியை நம்பி, ஒன்று விட்ட இடைவெளியில் மற்றொன்று புகும். இதன் வரலாற்றை எழுதுவோர் தவறாமல் வந்து நிற்கும் ஊர், அமெரிக்காவின் ஓஹையோ மாநிலத்து ஆலை நகரமான டேட்டன்.

அங்கே 1959இல் ‘ஓஹையோ அன்டச்சபிள்ஸ்’ என்ற பெயரில் தொடங்கிய குழுதான் பிறகு ‘ஓஹையோ பிளேயர்ஸ்’ ஆனது. சைரன் ஒலியோடு தொடங்கும் அவர்களுடைய ‘ஃபயர்’ 1975இல் அமெரிக்கப் பட்டியலில் முதலிடம் பிடித்தது. ‘லவ் ரோலர்கோஸ்டர்’ 1976இல் அதே இடத்துக்கு வந்தது. ஸ்லேவ், லேக்சைடு, சன் என்று அதே ஊரிலிருந்து குழுக்கள் வரிசையாகக் கிளம்பின.

ஒரே ஊரில் இத்தனை குழுக்கள் எப்படி? தென்மாநிலங்களிலிருந்து பிழைப்புத் தேடி வந்த கறுப்பினக் குடும்பங்கள் மேற்கு டேட்டனில் குடியேறின. ஃபிரிஜிடேர், டெல்கோ போன்ற ஜெனரல் மோட்டார்ஸ் ஆலைகளில் தொழிற்சங்க பலத்தோடு நிலையான சம்பளம் கிடைத்தது. பள்ளியில் பேண்டு வகுப்பு இருந்தது. பிள்ளைக்கு டிரம்பெட் வாங்கித் தர வீட்டில் பணமும் இருந்தது. ஆலை வேலைகள் சுருங்கியபோது இந்த ஏற்பாடும் தளர்ந்தது.

திருப்பூரும் வெளியூர்களிலிருந்து வந்து குடியேறியவர்களால் வளர்ந்த ஊர்தான். தென்மாவட்டங்களிலிருந்தும், பின்னர் பீகார், ஒடிசாவிலிருந்தும் வந்தவர்கள் பனியன் கம்பெனிகளை நிரப்பினார்கள். தாளத்துக்கும் இங்கே குறைவில்லை. மாரியம்மன் நோம்பி (திருவிழா) சாட்டியதும் கோயில் முன் முக்கிளைக் கம்பம் நடுவார்கள். இரவானால் அதைச் சுற்றி ஆட்டம். துடும்பு என்னும் பெருமுரசின் கனத்த அடி காலைப் பிடித்து நிறுத்தும். உருமி அந்த இடைவெளியில் உறுமி இழையும். அடுத்த அடிக்கு வட்டம் முழுதும் ஒருசேரத் திரும்பும். ஃபங்க் கேட்டுப் பழகிய காதுக்கு இந்தக் கட்டமைப்பு அந்நியமாகப் படாது.

ஆனால் காலை எட்டரைக்கு நுழைந்து இரவு எட்டரைக்கு வெளியேறும் ‘ஒன்றரை ஷிப்ட்’, பீஸ் ரேட் கணக்கு, சனிக்கிழமைச் சம்பளம் என்று ஓடும் வாழ்க்கையில் ஒத்திகைக்கு மாலை ஏது? அரசுப் பள்ளிகளில் இசை ஆசிரியரே அரிது. துடும்புக் குழுக்கள் நோம்பிக்கும் கல்யாணத்துக்கும் எழவுக்கும் அழைக்கப்படுகின்றன. மற்ற நாளெல்லாம் கலைஞர்கள் கூலி வேலைக்குப் போகிறார்கள்.

கொங்கு மண்ணில் இசைத்தொழில் இல்லாமலும் இல்லை. திரைப்பாடலாசிரியர் உடுமலை நாராயணகவி உடுமலை அருகே பூளவாடிக்காரர். கோவையின் சென்ட்ரல், பக்ஷிராஜா ஸ்டுடியோக்களில் படங்களும் பாடல்களும் உருவாயின; தொழில் சென்னைக்குப் போனதும் ஆட்களும் போனார்கள். பல ஆண்டுகள் கழித்துக் கோவையிலிருந்து பெயர் சொல்ல வந்தது ஆதியும் ஜீவாவும் சேர்ந்த ‘ஹிப்ஹாப் தமிழா’. ‘கிளப்புல மப்புல’ 2011இல் பரவியது. அடுத்த ஆண்டு ‘ஹிப்ஹாப் தமிழன்’ தொகுப்பு வந்தது. 2015இல் ‘ஆம்பள’ படத்துக்கு இசையமைத்தார்கள். ஹிப்ஹாப்பே ஃபங்க்கின் பிள்ளை. ஜேம்ஸ் பிரவுனின் ‘ஃபங்கி டிரம்மர்’ பதிவில் கிளைடு ஸ்டபிள்ஃபீல்டு வாசித்த சில நொடித் தாளத்தை வெட்டியெடுத்து எண்ணற்ற பாடல்கள் கட்டப்பட்டன. பத்துப் பேர் கூடி ஊத வேண்டிய இசை, ஒரு கணினிக்கும் ஒரு மைக்குக்கும் இறங்கி வந்தது. கூடிப் பழக நேரமும் இடமும் இல்லாத ஊர்களுக்கு அந்த வழிதான் முதலில் திறந்தது.

கூடிப் பழக முடியாது என்பதற்கு மாறான சான்றும் இங்கேயே உண்டு. வள்ளி ஒயில் கும்மி ஆசான் பத்திரப்பனுக்கு 2024இல் பத்மஸ்ரீ கிடைத்தது. கொங்கு ஊர்களில் மாலைதோறும் கும்மி வகுப்பு நடந்து, அரங்கேற்றத்தில் முடிகிறது. அதன் பின்னால் நிலமும் அமைப்பு பலமும் உள்ள சமூகத்தின் ஆதரவு இருக்கிறது. துடும்படிக்கும் கூலிக் குடும்பத்துக்கு அது வாய்க்கவில்லை. டேட்டனில் ஆலைச் சம்பளமும் பள்ளியும் இந்தப் பள்ளத்தை ஓரளவு நிரப்பின. ஏற்றுமதியில் கொழிக்கும் திருப்பூர், துடும்பை ஒரு பள்ளிக்கூட வகுப்பாக்கி ஆசானுக்குச் சம்பளம் கொடுத்துப் பார்க்கலாம். குழுக்கள் தாமாகவே முளைக்கும்.